போலீஸ் துப்பாக்கிச் சூடு, என்கவுன்ட்டர், பொறுப்புக்கூறல்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஒவ்வொரு துப்பாக்கிச் சூட்டுச் செய்திக்கும் பிறகு டீக்கடையிலும் வாட்ஸ்அப் குழுக்களிலும் அதே சந்தேகங்கள்தான் சுற்றி வருகின்றன. கேட்டவர்கள் கேட்ட மாதிரியே அவற்றை எழுதி, கீழே பதில் போட்டிருக்கிறேன். 2024 ஜூலை 1 முதல் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா (பிஎன்எஸ்எஸ்) வந்துவிட்டதால் புதிய பிரிவு எண்களையே தந்திருக்கிறேன்.

போலீஸ் ஒருத்தரைச் சுடலாம்னு சட்டத்துலயே இருக்கா?

மூன்று சூழ்நிலைகளில் இருக்கிறது. முதலாவது தற்காப்பு. உங்களை ஒருவர் அரிவாளால் வெட்ட வந்தால் உயிரைக் காத்துக்கொள்ள உங்களுக்கு என்ன உரிமை உண்டோ, அதே உரிமைதான் காவலருக்கும். சீருடை போட்டதற்காக அது ஒரு அங்குலம்கூடக் கூடுவதில்லை. இரண்டாவது, ஒருவரைக் கைது செய்யும்போது அவர் பலத்தைக் காட்டி எதிர்த்தால் தேவையான அளவு பலத்தைப் பயன்படுத்தலாம். மூன்றாவது, சட்டவிரோதமாகக் கூடிய கூட்டம் கலைய மறுத்தால் அதைக் கலைக்கலாம்.

மூன்றிலும் ஒரே நிபந்தனை: தேவைக்கு மேல் போகக் கூடாது. அப்படிப் போனதா இல்லையா என்பதை யார் பார்த்துச் சொல்வது என்பதில்தான் சண்டை எல்லாம். இந்தப் பக்கம் முழுக்க அதைப் பற்றித்தான்.

என்கவுன்ட்டர்னு தனியா ஒரு பிரிவு இருக்குதானே?

கிடையாது. எந்தச் சட்டப் புத்தகத்திலும் இல்லை. செய்திக்குறிப்பில் மட்டும்தான் இருக்கிறது. அந்தக் குறிப்பும் பெரும்பாலும் ஒரே அச்சில் வார்த்தது போல இருக்கும். ஆயுதத்தைப் பறிமுதல் செய்ய அழைத்துப் போனார்கள், அவர் திடீரென்று தாக்கினார், ஒரு உதவி ஆய்வாளருக்குக் கையில் காயம், வேறு வழியின்றிச் சுட்டார்கள், மருத்துவமனைக்குக் கொண்டுபோகும் வழியில் உயிர் போய்விட்டது.

அது உண்மையாகவும் இருக்கலாம். ஆனால் சட்டத்தின் கண்ணில் அது சுட்டவர் தரப்பு வாக்குமூலம், அவ்வளவுதான். 'தற்காப்புக்காகச் சுட்டேன்' என்பவர்தான் அதைக் காட்டியாக வேண்டும்.

ஓடுறவனைச் சுடலாமா? விட்டா தப்பிச்சுடுவானே?

பிஎன்எஸ்எஸ் 43ஆம் பிரிவு இதைத் தெளிவாகச் சொல்கிறது. மரண தண்டனையோ ஆயுள் தண்டனையோ விதிக்கத்தக்க குற்றம் சாட்டப்படாத ஒருவரைக் கைது செய்வதற்காக அவர் உயிரைப் போக்க உரிமை இல்லை. செயின் பறித்தவர் ஓடுகிறார் என்றால் துரத்தலாம், வயர்லெஸ்ஸில் சொல்லலாம். கொல்ல முடியாது.

சரி, கொலை வழக்குக் குற்றவாளி ஓடினால்? அவருக்கு அந்த விலக்கு இல்லை. அதற்காகக் கண்டதும் சுடலாம் என்று அர்த்தமாகாது. வேறு வழியே இல்லை என்ற நிலை இருந்ததா என்ற கேள்வி அப்போதும் எழும். 2012இல் ஓம் பிரகாஷ் எதிர் ஜார்க்கண்ட் வழக்கில், பயங்கரக் குற்றவாளி என்பதற்காக மட்டும் ஒருவரைக் கொல்வது காவலரின் கடமை ஆகாது, பிடித்து விசாரணைக்கு நிறுத்துவதே கடமை என்று உச்ச நீதிமன்றம் சொன்னது.

முட்டிக்குக் கீழதான் சுடணும்னு ரூல் இருக்காமே?

கூட்டத்தைக் கலைக்கும்போது தாழ்வாகக் குறிபார்க்க வேண்டும், கூட்டத்தில் மிகவும் ஆவேசமாக இருக்கும் பகுதியை நோக்கியே சுட வேண்டும், கலையத் தொடங்கியதும் நிறுத்திவிட வேண்டும் என்றெல்லாம் காவல் துறையின் நிலையாணைகள் (துறையின் உள்விதிகள்) சொல்கின்றன. அதற்கு முன்னால் படிப்படியாக ஏற வேண்டும்: ஒலிபெருக்கியில் எச்சரிக்கை, கண்ணீர்ப்புகை, தடியடி, கடைசியாகத்தான் துப்பாக்கி. பலர் நினைப்பது போல வானத்தை நோக்கிச் சுடுவது பாதுகாப்பான வழியும் இல்லை. தலைக்கு மேலே போகும் குண்டு தூரத்தில் மாடியில் நிற்பவர் மேல் பாயும்.

'தப்பியோட முயன்றவரைக் காலில் சுட்டுப் பிடித்தனர்' என்ற செய்தி வேறு வகை. ஆள் இறக்கவில்லை என்பதால் அதில் கேள்வியும் எழுவதில்லை. ஆனால் காலில் பாய்ந்தாலும் குண்டு குண்டுதான். தொடை ரத்தக்குழாயில் பட்டால் சில நிமிடங்களில் உயிர் போய்விடும். அதற்கும் முதல் கேள்வியில் சொன்ன 'தேவைக்கு மேல் போகக் கூடாது' பொருந்தும்.

கூட்டத்தைச் சுட யார் உத்தரவு கொடுக்கணும்?

பிஎன்எஸ்எஸ் 148ஆம் பிரிவுப்படி நிர்வாக நடுவர் ஒருவர் கூட்டத்தைக் கலைந்துபோகச் சொல்லலாம். காவல் நிலையப் பொறுப்பு அதிகாரியும் சொல்லலாம். அவர் இல்லாதபோது உதவி ஆய்வாளர் நிலைக்குக் குறையாத ஒருவர் சொல்லலாம். நிர்வாக நடுவர் என்றால் நீதிபதி இல்லை, வருவாய்த் துறை அதிகாரி. ஆட்சியர், கோட்டாட்சியர், வட்டாட்சியர் இந்த வரிசையில் வருவார்கள்.

காகிதத்தில் ஒழுங்காக இருக்கும் இந்த ஏற்பாடு களத்தில் எப்படி ஆகும் என்பதற்குத் தூத்துக்குடியைப் பாருங்கள். 2018 மே 22, ஸ்டெர்லைட் ஆலை எதிர்ப்புப் போராட்டத்தின் நூறாவது நாள். ஆயிரக்கணக்கானோர் ஆட்சியர் அலுவலகம் நோக்கி ஊர்வலமாகப் போகப் போகிறார்கள் என்று ஊருக்கே தெரியும். 144 தடை உத்தரவும் போட்டாயிற்று. ஆனால் மாவட்ட ஆட்சியர் அன்று இருந்தது கோவில்பட்டியில். துப்பாக்கிச் சூட்டுக்கு உத்தரவிட்டவர்கள் என்று முதல் தகவல் அறிக்கைகளில் வந்த பெயர்கள் துணை வட்டாட்சியர்களுடையவை. ஒருவர் தேர்தல் பிரிவைப் பார்ப்பவர், இன்னொருவர் மண்டலத் துணை வட்டாட்சியர். வாக்காளர் பட்டியல் பார்த்துக்கொண்டிருந்தவர் கையில் பதின்மூன்று உயிர்களின் கணக்கு வந்து விழுந்தது. அவ்வளவு பெரிய முடிவு அவ்வளவு சிறிய நாற்காலியில் எடுக்கப்பட்டது என்பதை நம்புவதற்கு எனக்கு இன்னும் சிரமமாகத்தான் இருக்கிறது.

இதை விசாரித்த நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையம் எல்லா மட்டங்களையும் தொட்டது. ஊரில் இல்லாத ஆட்சியரையும் உத்தரவிட்டதாகச் சொல்லப்பட்ட துணை வட்டாட்சியர்களையும் குறை சொன்னது, தென்மண்டல ஐஜி தொடங்கி 17 காவல் துறையினர் மேல் நடவடிக்கைக்குப் பரிந்துரைத்தது.

கல்லெறிஞ்சாங்க, வண்டியைக் கொளுத்தினாங்க. போலீஸ் கையைக் கட்டிட்டு நிக்கணுமா?

நிற்க வேண்டாம். கல்லெறிவது குற்றம், தீ வைப்பது கடுமையான குற்றம். காவலரின் மண்டை உடைந்தால் அதுவும் ரத்தம்தான். தூத்துக்குடியில் அன்று வாகனங்கள் எரிந்தன என்பதை யாரும் மறுக்கவில்லை.

ஆனால் கேட்க வேண்டியது இது: குண்டு பட்ட அந்த ஆள், அந்த நொடியில், யாருடைய உயிருக்கு ஆபத்தாக இருந்தார்? ஒருவர் வண்டிக்குத் தீ வைத்ததற்கு இருநூறடி தள்ளி ஓடிக்கொண்டிருந்த இன்னொருவரின் முதுகு பதில் சொல்ல முடியாது. மறைவான இடங்களிலிருந்து, தப்பி ஓடிக்கொண்டிருந்தவர்களை நோக்கிச் சுட்டிருக்கிறார்கள் என்பதுதான் ஆணையம் சொன்னதிலேயே கனமான வரி. போலீஸ் வாகனத்தின் கூரை மேல் மஞ்சள் டி-ஷர்ட்டில் ரைஃபிளோடு குறிபார்த்துக்கொண்டிருந்தவரின் வீடியோவை எல்லாரும் பார்த்தோம். கூட்டத்தைக் கலைக்கும் காட்சி மாதிரி அது இல்லை.

சுட்ட பிறகு சட்டப்படி என்னதான் நடக்கணும்?

மும்பையில் 1995 முதல் 1997 வரை நடந்த 99 என்கவுன்ட்டர்களில் சுமார் 135 பேர் கொல்லப்பட்டதைப் பற்றி பியூசிஎல் என்ற மனித உரிமை அமைப்பு தொடுத்த வழக்கில் 2014 செப்டம்பர் 23 அன்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. நீதிபதிகள் லோதா, நாரிமன் இருவரும் 16 நெறிமுறைகளை வகுத்து, இவை நாடு முழுவதும் சட்டம் போலவே கட்டுப்படுத்தும் என்றார்கள். முழுவதையும் இங்கே எழுதப் போவதில்லை. சண்டை பெரும்பாலும் எதில் வருமோ அவற்றை மட்டும் சொல்கிறேன்.

குற்றவாளி இன்ன இடத்தில் இருக்கிறார் என்று துப்பு கிடைத்தால், கிளம்பும் முன்பே அதை எழுத்திலோ மின்னணு வடிவிலோ பதிய வேண்டும். சாவு நேர்ந்தால் முதல் தகவல் அறிக்கை போட்டு நீதிமன்றத்துக்கு அனுப்ப வேண்டும். விசாரிப்பது சிஐடியாகவோ வேறு காவல் நிலையத்தின் குழுவாகவோ இருக்க வேண்டும். மேற்பார்வையிடுபவர் சுட்ட குழுவின் தலைவரைவிட ஒரு படியாவது மேலே இருக்க வேண்டும். ரத்தம் தோய்ந்த மண், முடி, நூலிழை வரை சேகரிக்க வேண்டும். மாவட்ட மருத்துவமனையில் இரண்டு மருத்துவர்கள் பிரேதப் பரிசோதனை செய்து வீடியோ எடுக்க வேண்டும். சுட்ட துப்பாக்கிகளைத் தடயவியல் சோதனைக்கு ஒப்படைக்க வேண்டும். நடுவர் விசாரணை கட்டாயம். மனித உரிமை ஆணையத்துக்குத் தகவல் போக வேண்டும்.

இன்னொன்றும் இருக்கிறது, எனக்குப் பிடித்தது: வீரச்செயல் சந்தேகத்துக்கு இடமின்றி நிரூபிக்கப்படும்வரை உடனடிப் பதவி உயர்வோ வீரதீர விருதோ கிடையாது. மறுநாள் காலையிலேயே மேலதிகாரிகள் ரொக்கப் பரிசும் சால்வையுமாக நிற்கும் படத்தைப் பார்க்கும்போது இந்த வரியை நினைத்துக்கொள்ளுங்கள்.

ஆனா செத்தவர் மேலயே கேஸ் போடுறாங்களே?

மேலே சொன்ன முதல் தகவல் அறிக்கை நடைமுறையில் இப்படித்தான் ஆகிவிடுகிறது. சுட்ட அதிகாரியே புகார்தாரர், இறந்தவர் கொலை முயற்சிக் குற்றவாளி. குற்றம் சாட்டப்பட்டவர் இறந்துவிட்டதால் வழக்கு அற்றுப்போகிறது, கோப்பை மூடிவிடுகிறார்கள். அவரைக் கொன்றது யார், எதற்காக என்ற பக்கம் திறக்கப்படவே இல்லை. விதியை மீறியதாகவும் சொல்ல முடியாது, அறிக்கை பதிவாகிவிட்டதே!

அதனால்தான் குடும்பங்கள் தனிப் புகார் கொடுத்து, 'இறந்தவரின் சாவு பற்றியே தனி வழக்குப் பதிய வேண்டும்' என்று உயர் நீதிமன்றம்வரை போகிறார்கள்.

பேப்பர்ல 'ஆர்டிஓ விசாரணைக்கு உத்தரவு'ன்னு வருதே, அதுல என்ன ஆகும்?

பெரும்பாலும் ஓர் அறிக்கை ஆகும். ஆர்டிஓ என்பது கோட்டாட்சியர். அவர் வருவாய்த் துறைக்காரர், அதே மாவட்டத்தில் அதே காவல் கண்காணிப்பாளரோடு தினமும் வேலை பார்ப்பவர். அவரைக் குறை சொல்லிப் பயனில்லை, அமைப்பு அப்படி.

காவலில் இருக்கும்போது சாவு நேர்ந்தால் நிலைமை வேறு. பிஎன்எஸ்எஸ் 196(2)படி நீதித்துறை நடுவர் விசாரிக்க வேண்டும். இவர் நிஜ நீதிபதி, உயர் நீதிமன்றத்துக்குக் கட்டுப்பட்டவர். 2020இல் தந்தையும் மகனும் போலீஸ் காவலில் இறந்த வழக்கில், சாத்தான்குளம் காவல் நிலையத்துக்கு ஒரு நீதித்துறை நடுவர் நேரில் போனதும், பெண் தலைமைக் காவலர் ஒருவர் துணிந்து சாட்சி சொன்னதும்தான் அந்த வழக்கின் திசையையே மாற்றின. அதனால் 'பறிமுதலுக்கு அழைத்துப் போனபோது' என்று செய்தி சொன்னால் கவனியுங்கள். அந்த ஆள் அப்போது காவலில் இருந்திருக்கிறார். ஆர்டிஓ போதாது என்று வாதாட இடம் உண்டு.

செத்தது ரவுடிதானே? உங்களுக்கு என்ன வலிக்குது?

அதிகம் வருவது இந்தக் கேள்விதான். கேட்பவர்கள் கெட்டவர்களும் இல்லை. பகுதியில் மாமூல் வாங்கி மிரட்டியவர் செத்தால் நிம்மதி வருவது இயல்பு. 2024 ஜூலையில் பகுஜன் சமாஜ் கட்சியின் மாநிலத் தலைவர் ஆம்ஸ்ட்ராங் பெரம்பூரில் கொல்லப்பட்ட பிறகு, செப்டம்பர் முடிவதற்குள் சென்னையில் மூன்று பேர் போலீஸ் துப்பாக்கியில் இறந்தார்கள். பலர் கை தட்டினார்கள்.

கை தட்டும் முன் ஹைதராபாத்தைப் பார்க்கலாம். 2019 நவம்பரில் ஒரு கால்நடை மருத்துவர் பாலியல் வன்கொடுமை செய்யப்பட்டுக் கொல்லப்பட்டார். நாடே கொதித்தது. நால்வர் பிடிபட்டார்கள். டிசம்பர் 6 விடியற்காலையில் சட்டன்பள்ளிக்கு அழைத்துப் போகப்பட்டு நால்வரும் சுட்டுக் கொல்லப்பட்டார்கள். துப்பாக்கியைப் பறித்துச் சுட்டார்கள் என்றது போலீஸ். மக்கள் போலீஸ்காரர்கள் மேல் பூ தூவினார்கள். உச்ச நீதிமன்றம் அமைத்த சிர்புர்கர் ஆணையம் 2022இல் சொன்னது: துப்பாக்கி பறித்த கதை நம்பத்தக்கதல்ல, சாக வேண்டும் என்ற நோக்கத்தோடே சுட்டிருக்கிறார்கள், பத்துப் போலீஸ்காரர்களைக் கொலைக் குற்றத்துக்காக விசாரிக்க வேண்டும். கூடவே இன்னொன்று: இறந்த நால்வரில் மூவர் பதினெட்டு வயது நிரம்பாதவர்கள்.

அவர்கள்தான் குற்றம் செய்தார்களா? இனி எந்த நீதிமன்றமும் அதைச் சொல்லப் போவதில்லை. அந்த மருத்துவரின் குடும்பத்துக்கும் அது இழப்புதான். பிடிபட்டவர் உண்மையிலேயே செய்தவர்தானா, பின்னால் வேறு யாராவது இருந்தார்களா என்று தெரிந்துகொள்ளும் வாய்ப்பே போய்விடுகிறது. கூலிப்படைக் கொலைகளில் இது இன்னும் மோசம். வெட்டியவர் செத்தால் காசு கொடுத்தவருக்குத்தான் நிம்மதி.

கோர்ட்டுல கேஸ் இருபது வருஷம் இழுக்குது. சாட்சி பல்டி அடிக்கிறான். வேற என்ன வழி?

குறை உண்மைதான், மறுக்கவில்லை. ஆனால் வழக்கு இழுப்பதற்குக் காரணங்களில் குற்றப்பத்திரிகை தாமதம், ஓட்டை விசாரணை, சாட்சிக்குப் பாதுகாப்பு இல்லாமை எல்லாம் காவல் துறை பக்கமே இருக்கின்றன. வேலையைச் சரியாகச் செய்யாததற்குப் பரிசாக, வேலையே தேவையில்லை என்ற அதிகாரத்தைக் கொடுப்பதா?

விசாரணை ஆணையம்னாலே கண்துடைப்புதானா?

பாதி அப்படித்தான் என்பேன். 1952ஆம் ஆண்டு விசாரணை ஆணையச் சட்டப்படி ஆணையம் உண்மையைக் கண்டறிந்து பரிந்துரைக்கும். யாரையும் தண்டிக்காது. அதன் பரிந்துரையை ஏற்பதும் விடுவதும் அரசின் விருப்பம். ஆணையத்தின் முன் ஒருவர் சொன்ன வாக்குமூலத்தை வைத்து அவர்மேல் குற்ற வழக்கு நடத்தவும் முடியாது.

முடிவும் ஆளுக்கு ஆள் மாறும். 2011 செப்டம்பர் 11 அன்று, இமானுவேல் சேகரன் நினைவு நாளில், பரமக்குடியில் ஆறு பேர் உயிரிழந்தார்கள். அதை விசாரித்த நீதிபதி சம்பத் ஆணையம் போலீஸ் செய்தது சரியே என்றது. 1999இல் மாஞ்சோலைத் தோட்டத் தொழிலாளர்களுக்காக நடந்த நெல்லை ஊர்வலத்தில் தடியடிக்குப் பயந்து தாமிரபரணியில் இறங்கியவர்கள் உட்பட 17 பேர் இறந்தார்கள். அதற்கும் ஆணையம் வந்தது, போலீஸ் மேல் பெரிய குற்றம் காணவில்லை. இந்த வரிசையில் தூத்துக்குடி அறிக்கை விதிவிலக்கு. 'டிவியைப் பார்த்துத்தான் தெரிந்துகொண்டேன்' என்று அப்போதைய முதலமைச்சர் எடப்பாடி பழனிசாமி சொன்னதைக்கூட அது ஏற்கவில்லை. ஆனால் அறிக்கை 2022 மே மாதம் கைக்கு வந்தும் அக்டோபரில்தான் சட்டப்பேரவையில் வைக்கப்பட்டது. சில காவலர்கள் பணியிடை நீக்கம் ஆனார்கள். குடும்பங்கள் அதற்குப் பிறகும் நீதிமன்றப் படி ஏறிக்கொண்டுதான் இருந்தன.

முழுக் கண்துடைப்பு என்று ஏன் சொல்லவில்லை என்றால், அரசே அமைத்த ஆணையம் 'தூண்டுதல் இல்லாமல் சுட்டார்கள்' என்று எழுதிவிட்டால் அந்தக் காகிதத்தை யாராலும் அழிக்க முடியாது. வழக்கறிஞர்கள் கையில் அது ஓர் ஆயுதம்.

போலீஸ்காரர் மேல கேஸ் நடத்த அரசோட அனுமதி வேணுமாமே?

பணிக்கடமையைச் செய்யும்போது நடந்தது என்றால் பிஎன்எஸ்எஸ் 218ஆம் பிரிவுப்படி அரசின் முன் அனுமதி வேண்டும். கூட்டத்தைக் கலைத்ததில் நடந்தது என்றால் 151ஆம் பிரிவு. பழைய சட்டத்திலும் இருந்ததுதான். பொய் வழக்குகளிலிருந்து அதிகாரிகளைக் காக்க என்று காரணம் சொல்வார்கள், அது நியாயமானதும்கூட. ஆனால் அனுமதி தர வேண்டிய அரசும், அன்று சட்டம் ஒழுங்கைக் கையில் வைத்திருந்த அரசும் ஒன்றாக இருந்தால்? 2021 டிசம்பரில் நாகாலாந்தின் ஓட்டிங்கில் ராணுவத்தினர் பொதுமக்களைச் சுட்டுக் கொன்ற வழக்கில் மாநிலப் போலீஸ் 30 பேர் மேல் குற்றப்பத்திரிகையே போட்டது. மத்திய அரசு அனுமதி மறுத்தது. வழக்கு அங்கேயே நின்றது.

218இல் ஒரு நல்ல மாற்றம் வந்திருக்கிறது. 120 நாளுக்குள் அரசு பதில் சொல்லாவிட்டால் அனுமதி தந்ததாகவே கொள்ளப்படும். கோப்பை மேசையடியில் போட்டு வைக்கும் பழக்கத்துக்கு அது ஒரு கடிவாளம். அப்புறம், போலியாக ஒருவரைக் கொல்வது எந்தக் காவலரின் பணிக்கடமையிலும் வராது, அதற்கு அனுமதியே தேவையில்லை என்ற வாதத்தையும் மறந்துவிட வேண்டாம்.

மேலதிகாரி சொன்னதைத்தானே கான்ஸ்டபிள் செஞ்சார்? அவரை ஏன் மாட்டிவிடணும்?

கேரளத்து வர்கீஸ் கதையைச் சொல்கிறேன். நக்சல் தலைவர் வர்கீஸ் 1970 பிப்ரவரியில் வயநாட்டுத் திருநெல்லிக் காட்டில் மோதலில் இறந்தார் என்பதுதான் அரசின் கதை. 1998இல் ராமச்சந்திரன் நாயர் என்ற முன்னாள் காவலர் பேசினார்: மோதலே இல்லை, பிடித்து வைத்திருந்தவரை நான்தான் சுட்டேன், அதிகாரி சொன்னார், சுடாவிட்டால் நானும் சாவேன் என்ற நிலை. சிபிஐ விசாரித்தது. சம்பவத்தின்போது டிஎஸ்பியாக இருந்து ஐஜியாக ஓய்வு பெற்ற லட்சுமணாவுக்கு 2010இல், நாற்பது ஆண்டு கழித்து, ஆயுள் தண்டனை கிடைத்தது. நாயரும் அந்த வழக்கில் குற்றம் சாட்டப்பட்டவர்தான். தீர்ப்பைப் பார்க்கும் முன்பே இறந்துவிட்டார்.

சட்டம் இருவரையும் பிடிக்கும். 2011இல் பிரகாஷ் கதம் வழக்கில் உச்ச நீதிமன்றம், மேலிட உத்தரவு என்ற சாக்கு நாஜிகள் மேல் நடந்த நியூரம்பர்க் விசாரணையிலேயே எடுபடவில்லை என்று நினைவூட்டியது. சட்டவிரோத உத்தரவை மறுக்கும் கடமை காவலருக்கு உண்டு. ஆனால் மறுத்தவருக்கு மறுநாளே இடமாற்றம் என்றால் எத்தனை பேர் மறுப்பார்கள்? கடைசியில் கான்ஸ்டபிள் மட்டும் மாட்டிக்கொண்டு, சொன்னவர் பதவி உயர்வு வாங்கும் முடிவைத்தான் நான் நியாயம் என்று ஏற்க மாட்டேன்.

இதுவரைக்கும் ஒரு போலீஸ்காரராவது தண்டனை வாங்கியிருக்காரா?

வாங்கியிருக்கிறார்கள். 1997இல் டெல்லி கன்னாட் பிளேஸில் ரவுடி என்று தவறாக நினைத்து இரண்டு வியாபாரிகளைச் சுட்டுக் கொன்ற உதவி ஆணையர் உட்படப் பத்துப் பேரின் ஆயுள் தண்டனையை 2011இல் உச்ச நீதிமன்றம் உறுதி செய்தது. 1987 மே 22 அன்று (ஆம், தூத்துக்குடியின் அதே தேதி) மீரட் ஹாஷிம்புராவில் முஸ்லிம்களைப் பிடித்துக்கொண்டு போய்ச் சுட்டுக் கொன்ற வழக்கில் பிஏசி என்ற உத்தரப் பிரதேச ஆயுதக் காவல் படையினர் 16 பேருக்கு 2018இல் டெல்லி உயர் நீதிமன்றம் ஆயுள் தண்டனை விதித்தது. 2006இல் மும்பையில் லக்கன் பையா கொல்லப்பட்ட வழக்கில், 'என்கவுன்ட்டர் ஸ்பெஷலிஸ்ட்' என்று புகழப்பட்ட பிரதீப் சர்மாவின் விடுதலையை 2024இல் மும்பை உயர் நீதிமன்றம் ரத்து செய்து ஆயுள் தண்டனை கொடுத்தது.

ஆண்டுகளைக் கழித்துப் பாருங்கள். 14, 31, 18. வர்கீஸுக்கு 40.

அமெரிக்காவுலன்னா உடனே உள்ள போட்டுடுவாங்களே?

அங்கேயும் அப்படி ஒன்றும் இல்லை. 2014 அக்டோபரில் சிகாகோவில் லக்வான் மெக்டொனால்டு என்ற 17 வயதுக் கறுப்பினப் பையனை ஒரு காவலர் 16 முறை சுட்டார். கத்தியோடு பாய்ந்தான் என்றார்கள். பையன் விலகி நடந்துகொண்டிருந்ததைப் போலீஸ் வண்டியின் கேமராவே படம் பிடித்திருந்தது. அந்த வீடியோ வெளியே வர ஒரு வருஷத்துக்கு மேல் ஆனது, அதுவும் நீதிமன்ற உத்தரவில். 2018இல் காவலர் குற்றவாளி என்று தீர்ப்பு வந்தது, 2019இல் கிடைத்த தண்டனை ஏழு ஆண்டுக்கும் குறைவு.

அங்கிருந்து எடுத்துக்கொள்ள ஒன்று உண்டு, கேமரா. வீடியோ இல்லாவிட்டால் அந்த வழக்கே இல்லை. நம் ஊரில் காவல் நிலையங்களில் சிசிடிவி வைக்கச் சொல்லி 2020இல் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. சரியாகத் தேவைப்படும் நேரத்தில் அது பழுதாகிவிடும் வழக்கம் மட்டும் இன்னும் போகவில்லை.

மாவுக்கட்டு போட்டோ போடுறாங்களே, அதுவும் இந்தக் கணக்குல வருமா?

பாத்ரூமில் வழுக்கி விழுந்து கை உடைந்தவர்களைத்தானே சொல்கிறீர்கள்? வரும். எல்லாருக்கும் வலது கையோ காலோ மட்டும் உடையும் அந்தக் கழிப்பறைத் தரையை ஒருமுறையாவது பொதுப்பணித் துறை ஆய்வு செய்ய வேண்டும். சிரித்துவிட்டுப் போகிறோம், ஆனால் அங்கேதான் பழக்கம் தொடங்குகிறது. கையை உடைத்தபோது கேள்வி வராவிட்டால் காலில் சுடும்போதும் வராது.

புகார் கேட்கத் தனி அமைப்பு இருக்காமே?

2006இல் பிரகாஷ் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் போலீஸ் மேலான புகார்களுக்குத் தனி ஆணையம் அமைக்கச் சொன்னது, தலைவர் ஓய்வு பெற்ற நீதிபதியாக இருக்க வேண்டும் என்றது. தமிழ்நாட்டின் 2013ஆம் ஆண்டுச் சட்டம் அந்த நாற்காலியில் உள்துறைச் செயலாளரை உட்கார வைத்தது, உறுப்பினராக டிஜிபி. யார்மேல் புகாரோ அவருடைய துறையே கேட்கும். இதற்கு மேல் நான் விளக்க வேண்டியதில்லை.

மாநில மனித உரிமை ஆணையம் ஒப்பீட்டளவில் பயனுள்ள கதவு. அதன் பரிந்துரை அரசைக் கட்டுப்படுத்தும் என்று 2021இல் சென்னை உயர் நீதிமன்றத்தின் முழு அமர்வு சொல்லியிருக்கிறது.

நிவாரணம் இருபது லட்சம் வாங்கிட்டாங்க, அப்புறம் எதுக்குக் கேஸ்?

இழப்பீடு வேறு, குற்ற வழக்கு வேறு. நீலாவதி பெஹரா வழக்கில் 1993லேயே இது தெளிவாகிவிட்டது. அரசு பணம் தருவது குடிமகனின் உயிரைக் காக்கத் தவறியதற்காக. சுட்டவரின் குற்றத்தை அது வாங்கிக்கொள்ளாது. தூத்துக்குடியில் அரசு 20 லட்சம் தந்தது, ஆணையம் 50 லட்சம் பரிந்துரைத்தது. எந்தத் தொகைக்கும் 'இனி வழக்கு இல்லை' என்று கையெழுத்து வாங்க யாருக்கும் உரிமை கிடையாது. அப்படி ஒரு காகிதம் நீட்டினால் வாங்கி ஒரு படம் எடுத்துக்கொண்டு திருப்பிக் கொடுங்கள்.

நம்ம வீட்டுலயே நடந்துட்டா? முதல்ல என்ன செய்யறது?

ஆளைக் கூட்டிப் போய்விட்டார்கள், எங்கே என்று தெரியவில்லை என்றால் அந்த நிமிடமே எழுதுங்கள். லக்கன் பையாவின் சகோதரர் வழக்கறிஞர். லக்கன் பையாவைத் தூக்கிப் போய்விட்டார்கள் என்று தெரிந்ததுமே, கொல்லப்படுவதற்கு முன்பே, அதிகாரிகளுக்குத் தந்தியும் ஃபேக்ஸும் அனுப்பினார். 'மோதல்' நடந்த நேரத்துக்கு முன்னால் அவற்றில் பதிவாகியிருந்த நேரம் வழக்கில் பெரிய சாட்சியானது. இன்று அதற்கு மின்னஞ்சல் போதும். காவல் கண்காணிப்பாளர், மாவட்ட நீதிபதி, மனித உரிமை ஆணையம் மூவருக்கும் ஒரே மடலில் அனுப்புங்கள்.

உயிர் போய்விட்டது என்றால் உடலை அவசரமாக வாங்கி எரிக்க வேண்டாம். போலீஸ் தரப்பில் அவசரப்படுத்துவார்கள், உறவினர்களே 'போனது போகட்டும்' என்பார்கள். பிரேதப் பரிசோதனை வீடியோ எடுக்கப்பட வேண்டும் என்று எழுத்தில் கேளுங்கள். சந்தேகம் இருந்தால் மறுபரிசோதனை கேட்டு உயர் நீதிமன்றம் போகலாம். தூத்துக்குடியில் மறுநாளே உடல்களைப் பதப்படுத்தி வைக்க உயர் நீதிமன்றம் உத்தரவிட்டதற்கு அப்படிப் போனதுதான் காரணம். 2014 நெறிமுறைகள் மீறப்பட்டிருந்தால் குடும்பத்தினர் மாவட்ட அமர்வு நீதிபதியிடமே புகார் தரலாம், அந்தத் தீர்ப்பிலேயே அந்த வழி இருக்கிறது. வழக்கறிஞருக்குக் காசில்லை என்றால் மாவட்ட சட்டப் பணிகள் ஆணைக்குழு நீதிமன்ற வளாகத்திலேயே இருக்கும், இலவசம்.

மனித உரிமை ஆணையத்துக்கு மட்டும் காலக்கெடு உண்டு. சம்பவம் நடந்து ஓர் ஆண்டு கடந்துவிட்டால் அவர்கள் எடுக்க மாட்டார்கள். காரியம், திதி எல்லாம் முடியட்டும் என்று காத்திருந்து அந்த ஆண்டைத் தவறவிட்டவர்கள் நிறைய. ஒரு பக்கத்தில் நடந்ததை எழுதி, நகல் ஒன்றை வீட்டில் வைத்துக்கொண்டு, பதிவுத் தபாலில் அனுப்பினால்கூடப் போதும்.